உங்களுக்குத் தெரியுமா? ஐம்பதைத் தாண்டினால் அரசு அனுப்பும் கடிதம்

காசு கொடுத்து மாஸ்டர் செக்கப் செய்துகொள்வது நமக்குப் பழகிப்போன விஷயம். ஒரு நாடே தன் பெண்களைப் பெயர் சொல்லி அழைத்து, மார்பகத்தைப் படமெடுத்து, அந்தப் படத்தை இரண்டு பேரிடம் காட்டி, சந்தேகம் என்றால் திரும்பவும் கூப்பிட்டு, முடிவு தெரியும்வரை விடாமல் பின்தொடர்வது வேறு விஷயம். பிரிட்டன் அதை 1988 முதல் செய்துவருகிறது. என்.எச்.எஸ். என்ற தேசிய சுகாதாரச் சேவை நடத்தும் அந்த மார்பகப் புற்றுநோய் ஸ்கிரீனிங் திட்டத்தைப் பற்றித்தான் இந்தத் துணுக்குகள்.

● ஐம்பதாவது பிறந்தநாளன்றே கடிதம் வந்துவிடாது. முதல் அழைப்பு 50-க்கும் 53-க்கும் இடையே எப்போது வேண்டுமானாலும் வரலாம். காரணம், அழைப்பு வயதை மட்டும் பார்த்துப் போவதில்லை. குடும்ப மருத்துவரின் பட்டியலைப் பார்த்துப் போகிறது. ஒரு வட்டாரத்தில் உள்ள குடும்ப மருத்துவர் கிளினிக்குகளை வரிசைப்படுத்தி, முதலில் இந்த கிளினிக்கில் பதிந்துள்ள பெண்கள், அடுத்து அந்த கிளினிக் என்று மூன்று வருடத்தில் வட்டாரம் முழுவதையும் சுற்றி முடிக்கிறார்கள். முடிந்ததும் மறுபடி முதலிலிருந்து. ஒரு பெண் ஐம்பதைத் தொடுவதற்குக் கொஞ்சம் முன்பு அவருடைய கிளினிக்கின் முறை முடிந்திருந்தால், அடுத்த சுற்று வருவதற்குள் அவருக்கு 52 வயது ஆகிவிடும். 71-வது பிறந்தநாளோடு கடிதங்கள் நின்றுவிடும். ஆனால் அதற்குப் பிறகும் மூன்று வருடத்துக்கு ஒருமுறை தாமாகவே போன் செய்து கேட்டால் தேதி கொடுப்பார்கள்.

● பரிசோதனைக்கு ஒரு பென்னிகூடக் கட்டணம் கிடையாது.

● "விருப்பம் இருந்தால் போன் செய்து நேரம் வாங்கிக்கொள்ளுங்கள்" என்று எழுதுவதற்கும், "இந்தத் தேதி, இத்தனை மணி, இந்த இடம்; வசதிப்படாவிட்டால் மாற்றிக்கொள்ளுங்கள்" என்று எழுதுவதற்கும் எவ்வளவு வித்தியாசம்? இங்கிலாந்தில் முதல் அழைப்புக்கு வராத பெண்களை இரண்டு பிரிவாக்கி இதைச் சோதித்துப் பார்த்தார்கள். முடிவு 2017-ல் வெளியானது. போன் செய்யச் சொன்ன பிரிவில் 12 சதவீதம் பேர் வந்தார்கள். நேரமே குறித்து அனுப்பிய பிரிவில் 22 சதவீதம் பேர். மருந்து இல்லை, புது இயந்திரம் இல்லை. கடிதத்தில் ஒரு வரியை மாற்றியதற்கே இந்தப் பலன்.

● பரிசோதனைக்குப் பெரிய ஆஸ்பத்திரிக்குத்தான் போக வேண்டும் என்பதில்லை. பல ஊர்களில் சூப்பர் மார்க்கெட்டின் கார் நிறுத்துமிடத்திலேயே ஒரு நீளமான வண்டி வந்து நிற்கும். படி ஏறி உள்ளே போனால் சின்னக் காத்திருப்பு இடம், உடை மாற்றும் தடுப்பு, அதற்கு அப்பால் எக்ஸ்ரே இயந்திரம். பெயர், பிறந்த தேதி, முகவரியைக் கேட்டுச் சரிபார்த்துக்கொள்கிறார் படமெடுப்பவர். இடுப்புக்கு மேல் உள்ள துணிகளை மட்டும் கழற்றினால் போதும் என்பதால், கவுனைவிட மேல்சட்டையும் பாவாடையும் வசதி. அன்றைக்கு டால்கம் பவுடர் போடாமல், வாசனை ஸ்பிரே அடிக்காமல் வரச் சொல்கிறார்கள். பவுடர் துகள்கள் படத்தில் வெள்ளைப் புள்ளிகளாக விழுந்து குழப்பும்.

மார்பகத்தை ஒரு தட்டின் மேல் வைத்து, மேலிருந்து இன்னொரு தட்டு இறங்கி அழுத்தும். சில நொடிகள்தான். வலிக்குமா என்றால், சிலருக்கு வலிக்கும், சிலருக்கு இறுக்கமாக மட்டும் இருக்கும். அழுத்துவது வீண் கொடுமை அல்ல. திசு பரவினால்தான் ஒன்றின்மேல் ஒன்று மறையாமல் உள்ளே இருப்பது தெரியும், படம் அசங்காது, குறைந்த கதிர்வீச்சும் போதும். ஒவ்வொரு மார்பகத்துக்கும் மேலிருந்து ஒன்று, பக்கவாட்டில் சாய்வாக ஒன்று என மொத்தம் நான்கு படங்கள். இந்த எக்ஸ்ரே படத்துக்குத்தான் மேமோகிராம் என்று பெயர். "நிறுத்துங்கள்" என்று பெண் சொன்னால் அந்த இடத்திலேயே நிறுத்திவிடுவார்கள். வந்து திரும்ப அரை மணி நேரம் போதும்.

● படமெடுப்பவர்கள் எல்லோருமே பெண்கள். கடிதத்தோடு வரும் குறிப்பிலேயே இது எழுதியிருக்கும். "ஆம்பிளை முன்னாடி எப்படி?" என்று தயங்குகிறவர்களுக்கு இந்த ஒரு வரி போதுமான பதில்.

● அழைத்தால் எல்லோரும் வந்துவிடுகிறார்களா? இல்லை. அழைக்கப்படுகிறவர்களில் குறைந்தது 70 சதவீதம் பேர் வர வேண்டும் என்பது திட்டத்தின் இலக்கு. அதையே எட்ட முடியாத வருடங்கள் உண்டு. முதன்முறையாக அழைக்கப்படுபவர்களில் மூன்றில் ஒரு பங்குக்கும் மேற்பட்டோர் வராமலே இருந்துவிடுகிறார்கள். வருகை குறைந்த பகுதி லண்டன். தெற்காசிய வம்சாவளிப் பெண்களின் வருகையும் குறைவு என்று ஆய்வுகள் காட்டியிருக்கின்றன.

● வண்டியில் வைத்தே முடிவைச் சொல்ல மாட்டார்கள். "ஏதோ பார்த்துவிட்டார்களோ, மறைக்கிறார்களோ" என்று பயப்படத் தேவையில்லை. படமெடுப்பவரின் வேலை படத்தோடு முடிந்தது. படம் மையத்துக்குப் போய் அங்கே இரண்டு பேர் தனித்தனியாகப் பார்க்கிறார்கள். இரண்டு பேரும் ஒன்றையே சொன்னால் சரி. கருத்து வேறுபட்டால் மூன்றாவது நபரோ ஒரு குழுவோ பார்த்து முடிவெடுக்கும். படம் பார்க்கும் தகுதியைத் தக்கவைக்க ஒருவர் வருடத்துக்குக் குறைந்தது 5,000 பேரின் படங்களைப் பார்த்திருக்க வேண்டும். தவிர, விடை ஏற்கெனவே தெரிந்த படங்களைக் கொடுத்து இவர்களுக்குப் பரீட்சையும் வைக்கிறார்கள். பார்ப்பவர்கள் எல்லோரும் டாக்டர்கள் அல்ல. தனிப் பயிற்சி பெற்ற ரேடியோகிராபர்களும் உண்டு. பெரும்பாலோருக்கு இரண்டு வாரத்துக்குள் முடிவு தபாலில் வந்துவிடும்.

● 100 பேர் படமெடுத்துக்கொண்டால் சுமார் 96 பேருக்கு "எல்லாம் சரி" என்ற கடிதம். நான்கு பேரை மட்டும் மறுபடி கூப்பிடுவார்கள். அந்த நான்கில் ஒருவருக்குத்தான் புற்றுநோய்.

இந்தக் கணக்கை ஒவ்வொரு பெண்ணும் மனதில் வைத்திருக்க வேண்டும் என்று ஆசைப்படுகிறேன். ஏனென்றால் "மறுபடி வாருங்கள்" என்ற கடிதத்தைக் கையில் வாங்கியதும் மனசு நேராகச் சுடுகாட்டுக்குப் போய்விடுகிறது. அடுத்த தேதி வரும்வரை தூக்கம் கிடையாது. வீட்டில் யாரிடமும் சொல்லாமல் தனக்குள்ளேயே அழுது தீர்ப்பவர்கள் எத்தனையோ பேர். கூப்பிடப்படுகிறவர்களில் நால்வரில் மூவர் ஒன்றுமில்லை என்று வீடு திரும்புகிறார்கள். அந்த மறுபரிசோதனைக்கென்று தனி கிளினிக் இருக்கிறது. டாக்டர் கையால் தொட்டுப் பார்ப்பார், சந்தேகமான இடத்தை மட்டும் பெரிதாக்கி இன்னொரு மேமோகிராம் எடுப்பார்கள், அல்ட்ராசவுண்ட் பார்ப்பார்கள், தேவைப்பட்டால் ஊசியால் துளி திசு எடுத்து பயாப்ஸிக்கு அனுப்புவார்கள். பெரும்பாலும் இவையெல்லாம் ஒரே வருகையில் நடந்துவிடும். மார்பக நோயாளிகளுக்கென்றே பயிற்சி பெற்ற நர்ஸ் ஒருவரும் அங்கே இருப்பார். அவரிடம் எதையும் கேட்கலாம், அழவும் செய்யலாம்.

● "எல்லாம் சரி" என்று வந்த கடிதம் மூன்று வருட உத்தரவாதச் சீட்டு அல்ல. படத்தில் பிடிபடாமல் போவதும் உண்டு. இரண்டு சுற்றுகளுக்கு நடுவே புதிதாக முளைப்பதும் உண்டு. கட்டி, தோலில் குழி, காம்பு உள்ளிழுத்துக்கொள்வது, காம்பில் ரத்தக்கசிவு, அக்குளில் வீக்கம் என்று எதைக் கண்டாலும் அடுத்த கடிதத்துக்குக் காத்திருக்கக் கூடாது, அன்றே டாக்டரைப் பார்க்க வேண்டும். இந்த அழைப்புத் திட்டமே உடம்பில் எந்தக் குறையும் தெரியாத பெண்களுக்காக ஏற்பட்டது. குறை தெரிந்துவிட்டால் அதற்கு வேறு வழி, வேகமான வழி இருக்கிறது.

● முப்பதிலேயே தொடங்கினால் என்ன? இளம் வயதில் மார்பகத் திசு அடர்த்தியாக இருக்கும். மேமோகிராமில் அடர்த்தியான திசுவும் வெள்ளை, கட்டியும் வெள்ளை. வெள்ளை வேட்டியில் சுண்ணாம்புப் பொட்டைத் தேடுவது போலத்தான். வயதாக ஆகக் கொழுப்பு கூடி, பின்னணி கறுத்து, கட்டி துலங்கித் தெரியும். நோய் வரும் வாய்ப்பும் வயதோடு ஏறுகிறது. பி.ஆர்.சி.ஏ. மரபணு மாற்றம் உள்ளவர்கள் போன்ற அதிக ஆபத்துள்ள பெண்களுக்கு மட்டும் ஐம்பது வரை காத்திருக்காமல், இளம் வயதிலிருந்தே வருடாவருடம் எம்.ஆர்.ஐ. எடுக்கிறார்கள்.

● மார்பகத்தை எக்ஸ்ரேயில் பார்க்கலாம் என்று முதலில் காட்டியவர் ஆல்பர்ட் சாலமன், பெர்லின் நகரத்து அறுவை மருத்துவர். அறுத்தெடுத்த ஏறக்குறைய 3,000 மார்பகங்களைப் படமெடுத்துப் பார்த்து, புற்றுநோயோடு சேர்ந்து வரும் நுண்ணிய கால்சியத் துகள்களை 1913-லேயே எழுதிவைத்தார். இன்றும் படம் பார்ப்பவர்கள் தேடும் முக்கியத் தடயங்களில் ஒன்று அதுதான். யூதர் என்பதால் நாஜிகள் அவரை வதைமுகாமில் அடைத்தார்கள். அவர் வெளியே வந்து நெதர்லாந்துக்குத் தப்பி உயிர் பிழைத்தார். ஓவியரான அவர் மகள் சார்லட் சாலமன் 1943-ல் ஆஷ்விட்ஸில் கொல்லப்பட்டார்.

● படமெடுப்பது ஒன்று, படமெடுத்தால் உயிர் பிழைக்குமா என்று நிரூபிப்பது இன்னொன்று. முதல் பெரிய சோதனை 1963 டிசம்பரில் நியூயார்க்கில் தொடங்கியது. 40 முதல் 64 வயதுள்ள சுமார் 62,000 பெண்கள். அவர்களில் பாதிப்பேருக்கு மேமோகிராமும் கைப் பரிசோதனையும், மீதிப்பேருக்கு வழக்கமான சிகிச்சை மட்டும். அதை முன்னின்று நடத்திய மூவரில் ஒருவர் பிலிப் ஸ்ட்ராக்ஸ். அவர் மனைவி இளம் வயதிலேயே மார்பகப் புற்றுநோயால் இறந்தவர். அடுத்து 1977-ல் சுவீடனின் இரண்டு மாகாணங்களில் லாஸ்லோ தபார் குழுவினர் இன்னும் பெரிய சோதனையைத் தொடங்கினார்கள். அழைக்கப்பட்ட பெண்களிடையே மார்பகப் புற்றுநோய் மரணம் 31 சதவீதம் குறைந்தது என்று 1985-ல் முடிவு வந்தது.

லண்டனில் இருந்த அரசு அசைந்தது அப்போதுதான். எடின்பரோ நகரத்து அறுவை மருத்துவர் பேட்ரிக் ஃபாரஸ்ட் தலைமையில் குழு போட்டார்கள். அது 1986-ல் அறிக்கை கொடுத்தது. 1988-ல் அழைப்புகள் தொடங்கின. ஆரம்பத்தில் 50 முதல் 64 வரைதான், ஒரு மார்பகத்துக்கு ஒரே ஒரு படம்தான். இரண்டு கோணத்தில் எடுத்தால் கூடுதலாகப் பிடிபடுகிறது என்று தெரிந்ததும் இரண்டாக்கினார்கள். 70 வயது வரை நீட்டியது 2000-க்குப் பிறகு.

● கண்டுபிடிக்கப்படும் எல்லாப் புற்றுநோயும் கொல்லும் புற்றுநோய் அல்ல. சில அவ்வளவு மெதுவாக வளரும். அது உள்ள பெண் வேறு காரணத்தால் இறக்கும்வரை தான் இருப்பதையே காட்டிக்கொள்ளாது. ஆனால் எது அடங்கிக் கிடக்கும், எது பாயும் என்று பிரித்துச் சொல்ல இன்றைய மருத்துவத்தால் முடியவில்லை. அதனால் கண்டதற்கெல்லாம் அறுவை, கதிர்வீச்சு, மருந்து.

அப்படியானால் இந்தப் பரிசோதனையால் நன்மை அதிகமா, தீமை அதிகமா என்ற சண்டை பல வருடம் நடந்தது. கனடாவில் 1980-ல் தொடங்கிய சோதனை ஒன்று, 25 வருடம் கழித்தும் மேமோகிராமால் மரணம் குறையவில்லை என்று 2014-ல் சொன்னது. பிரிட்டனில் சர் மைக்கேல் மார்மட் தலைமையில் தனிக் குழு ஒன்று உட்கார்ந்து எல்லா ஆய்வுகளையும் அலசி, 2012-ல் தீர்ப்புச் சொன்னது: திட்டத்தால் உயிர்கள் காப்பாற்றப்படுகின்றன, ஆனால் ஓர் உயிர் காப்பாற்றப்படும்போது, தேவையே இல்லாத சிகிச்சைக்கு ஏறக்குறைய மூன்று பெண்கள் ஆளாகிறார்கள். வருடத்துக்கு சுமார் 1,300 உயிர்கள் ஒரு பக்கம், சுமார் 4,000 பெண்கள் மறுபக்கம்.

பிரிட்டனின் திட்டத்தில் என்னை அதிகம் கவர்ந்தது இதற்குப் பிறகு நடந்ததுதான். இந்தக் கணக்கை அவர்கள் மறைக்கவில்லை. அழைப்புக் கடிதத்தோடு போகும் குறிப்பிலேயே அச்சடித்துவிட்டார்கள்: 200 பேர் படமெடுத்துக்கொண்டால் ஓர் உயிர் காப்பாற்றப்படுகிறது, 200-ல் 3 பேருக்கு, கண்டுபிடிக்காமலே விட்டிருந்தாலும் உயிருக்கு ஆபத்து தராத புற்றுநோய் கண்டுபிடிக்கப்படுகிறது, வருவதும் வராததும் உங்கள் முடிவு. ஆள் வருகை குறைந்துவிடுமே என்று அதிகாரிகளுக்குக் கவலை இருந்திருக்கும். இருந்தும் ஒரு பெண்ணிடம் அவள் உடம்பைப் பற்றி முழுக் கணக்கையும் சொல்லித்தான் அழைக்க வேண்டும் என்று நின்றார்கள். பரிசோதனையை விற்கிற எந்த விளம்பரப் பலகையிலும் இந்த இரண்டாவது எண்ணை நான் பார்த்ததில்லை.

● 2018 மே 2-ம் தேதி சுகாதார அமைச்சர் ஜெரமி ஹன்ட் நாடாளுமன்றத்தில் எழுந்து ஒரு அதிர்ச்சிச் செய்தி சொன்னார். 2009 முதல் 68-க்கும் 71-க்கும் இடைப்பட்ட வயதுள்ள சுமார் 4,50,000 பெண்களுக்குக் கடைசி அழைப்பு போகவில்லை, கம்ப்யூட்டர் பிழைதான் காரணம் என்றார். அந்த வருடக் கடைசியில் வந்த தனி விசாரணை அறிக்கை வேறு மாதிரி சொன்னது. கம்ப்யூட்டர் கெடவில்லை. கடைசி அழைப்பு எந்த வயது வரை என்பதே தெளிவில்லாமல் இருந்திருக்கிறது. எழுதிவைத்த விதி ஒன்று, மையங்கள் நடைமுறையில் செய்துவந்தது இன்னொன்று. பாதிக்கப்பட்டவர்களும் முதலில் சொன்னதைவிட மிகக் குறைவு. அதற்குள் எத்தனை குடும்பங்கள், இறந்துபோன தாயை நினைத்து "அந்த ஒரு கடிதம் வந்திருந்தால்" என்று மருகியிருக்கும்!

● இரண்டு பேர் படம் பார்க்கும் வேலையில் செயற்கை நுண்ணறிவையும் துணைக்குச் சேர்த்தால்? சுவீடனில் 80,000 பெண்களிடம் இதைச் சோதித்தார்கள். புற்றுநோயைக் கண்டுபிடிப்பதில் குறை வரவில்லை; படம் பார்க்கும் வேலைச்சுமை 44 சதவீதம் குறைந்தது என்று 2023-ல் முதல் முடிவு வந்தது. பிரிட்டனும் சுமார் 7,00,000 பெண்களை வைத்துத் தன் சோதனையை 2025-ல் அறிவித்தது. படம் பார்க்க ஆள் கிடைக்காமல் திண்டாடும் நாடுகளுக்கு இது பெரிய விஷயம்.

● மூன்று வருடத்துக்கு ஒருமுறை என்பது பிரிட்டனின் கணக்கு. ஜெர்மனி, நெதர்லாந்து, ஆஸ்திரேலியாவில் இரண்டு வருடத்துக்கு ஒருமுறை. சுவீடனில் 40 வயதிலேயே அழைப்பு தொடங்கிவிடும். நம் மக்கள் நிறைந்த சிங்கப்பூர் 2002-ல் தேசியத் திட்டத்தைத் தொடங்கியது. 50 முதல் 69 வரை இரண்டு வருடத்துக்கு ஒருமுறை. அதற்கு முன்பு 1990-களில் அங்கே நடத்திய வெள்ளோட்டத்தில், அழைத்தவர்களில் பத்துக்கு நான்கு பேர்தான் வந்தார்கள்.

● மார்பகத்தைத் தானே தடவிப் பார்க்கும் சுயபரிசோதனையும் சோதனைக்கு உள்ளானது. சீனாவின் ஷாங்காயில் 2,66,000 நெசவாலைப் பெண்களில் பாதிப்பேருக்கு முறையாகக் கற்றுக்கொடுத்து, பத்து வருடம் கவனித்தார்கள். மரணத்தில் வித்தியாசமே இல்லை. ஆபத்தில்லாத கட்டிகளுக்கு பயாப்ஸி செய்ததுதான் கூடியது. அதனால்தான் பிரிட்டன் இன்று "மாதம் ஒருநாள் இப்படித் தடவுங்கள்" என்று அட்டவணை கொடுப்பதில்லை. உங்கள் உடம்பு வழக்கமாக எப்படி இருக்கும் என்று தெரிந்துவைத்திருங்கள், மாறினால் வாருங்கள் என்கிறது.

● இந்தியாவில் வீடு தேடி வரும் மேமோகிராம் கடிதம் இல்லை. 2016-ல் மத்திய அரசு வகுத்த நெறிமுறைப்படி 30 முதல் 65 வயது வரை உள்ள பெண்களுக்கு ஐந்து வருடத்துக்கு ஒருமுறை பயிற்சி பெற்றவர் கையால் மார்பகத்தைப் பரிசோதிக்க வேண்டும். கையால் தொட்டுப் பார்த்து என்ன தெரியும் என்று அலட்சியமாகக் கேட்பவர்கள் மும்பையைத் தெரிந்துகொள்ள வேண்டும்.

டாடா நினைவு மருத்துவமனை 1998-ல் மும்பைக் குடிசைப் பகுதிகளில் 1,51,000 பெண்களை வைத்து ஒரு சோதனையைத் தொடங்கியது. 35 முதல் 64 வயதுப் பெண்கள். தலைமை ஏற்றவர் டாக்டர் இந்திரனீல் மித்ரா. பாதிப்பேருக்கு இரண்டு வருடத்துக்கு ஒருமுறை, பயிற்சி பெற்ற பெண் சுகாதாரப் பணியாளர்கள் மார்பகப் பரிசோதனை செய்தார்கள். டாக்டர் இல்லை, இயந்திரம் இல்லை. இருபது வருடத்துக்கும் மேல் கழித்து, 2021-ல் முடிவு. முற்றிய நிலையில் கண்டுபிடிக்கப்பட்டவர்கள் 47 சதவீதத்திலிருந்து 37 சதவீதமாகக் குறைந்தார்கள். எல்லா வயதையும் சேர்த்துப் பார்த்தால் மரணம் குறைந்தது உறுதியாகவில்லை. ஆனால் ஐம்பதும் அதற்கு மேலும் உள்ள பெண்களிடையே மார்பகப் புற்றுநோய் மரணம் ஏறக்குறைய 30 சதவீதம் குறைந்திருந்தது. ஆரம்ப சுகாதார நிலையத்து நர்ஸ் "ஒரு நிமிஷம் பார்த்துடறேன்மா" என்று கூப்பிட்டால் கூச்சப்பட்டு நகர்ந்துவிட வேண்டாம்.

● உங்கள் அம்மாவோ அக்காவோ பிரிட்டனில் குடியேறி இருக்கிறார்களா? குடும்ப மருத்துவரிடம் பெயரைப் பதிந்தாயிற்றா என்று அடுத்த முறை போனில் கேளுங்கள். பேரப்பிள்ளைகளைப் பார்த்துக்கொண்டு வீட்டோடு இருக்கும் பெண்கள் காய்ச்சல் வந்தால்தானே டாக்டர் என்று பதியாமலே விட்டுவிடுகிறார்கள். பதியாத பெயருக்குக் கடிதம் போகாது. வீடு மாறியிருந்தால் புது முகவரியையும் கொடுக்க வேண்டும். 53 ஆகியும் அழைப்பு வரவில்லை என்றால் வட்டார ஸ்கிரீனிங் மையத்துக்குத் தாங்களே போன் செய்யலாம். மூட்டுவலியால் வண்டியின் படி ஏற முடியாதவர்கள் முன்கூட்டியே சொன்னால், படி ஏறாமல் போகக்கூடிய வேறு இடத்தில் தேதி கொடுப்பார்கள். ஆங்கிலம் சரளமாக வராதவர்கள் மொழிபெயர்ப்பாளர் வேண்டும் என்று கேட்கலாம். அதற்கும் காசு இல்லை.